பாகம் பிரிச்சாச்சு, பத்திரமும் பதிஞ்சாச்சு, ஆனா பட்டா இன்னும் தாத்தா பேர்லயே இருக்கா?

எங்க தாத்தா 2004ல இறந்தாரு, ஆயா 2012ல. நிலம் பூரா தாத்தா பேர்லதான், பெரியப்பா, எங்க அப்பா, சித்தப்பா மூணு பேரும் வாய்ப்பேச்சா பிரிச்சுக்கிட்டு ஆளுக்கு ஒரு பக்கம் பயிர் வெச்சிட்டு இருந்தாங்க. 2021ல ஒரு வழியா எல்லாரும் உக்காந்து பேசி பாகப்பிரிவினை பத்திரம் எழுதி ரிஜிஸ்டர் பண்ணோம், அத்தையும் வந்து கையெழுத்து போட்டு நத்தத்துல, அதாவது ஊர்க் குடியிருப்பு நிலத்துல இருந்த காலி மனையைத் தன் பங்கா எடுத்துக்கிட்டாங்க, எல்லாம் சுமுகமா முடிஞ்சது, அதோட வேலை முடிஞ்சதுன்னு நினைச்சிட்டோம். ரெண்டு வருஷம் கழிச்சு சித்தப்பா பயிர்க்கடன் கேட்டு கூட்டுறவு சொசைட்டிக்குப் போனா, உங்க பேர்ல சிட்டா எங்கன்னு கேட்டாங்க. பத்திரத்தைக் காட்டினாரு, பத்திரம் சரி, சிட்டா அடங்கல் வேணும்னு திருப்பி அனுப்பிட்டாங்க. சிட்டாங்கிறது பட்டாவோட சேந்து வர்ற நில விவரக் கணக்கு, அடங்கல்ங்கிறது விஏஓ எழுதற பயிர்க் கணக்கு. அப்பதான் பட்டா மாத்தவே இல்லங்கிறது உறைச்சுது. அதை மாத்தி முடிக்க ஒரு வருஷத்துக்கு மேல ஆச்சு, ரெண்டு தடவை மனு நிராகரிப்பு ஆச்சு, அதுல கத்துக்கிட்டதை எல்லாம் இங்க எழுதறேன், நீங்க அவ்ளோ அலைய வேணாம்.

முதல்ல ஒண்ணு தெளிவா புரிஞ்சுக்கணும். பத்திரம் பதியறது பத்திரப்பதிவுத்துறை, பட்டா குடுக்கறது வருவாய்த்துறை. ரெண்டும் வேற வேற ஆபீஸ், வேற வேற ரெக்கார்டு. இப்ப ரெண்டையும் கம்ப்யூட்டர்ல இணைச்சிருக்காங்க, ஒரு சர்வே நம்பரை முழுசா ஒருத்தர் இன்னொருத்தருக்கு வித்து, வித்தவர் பேர்லயே பட்டாவும் இருந்தா, பதிவு ஆனதுமே பட்டா தானா மாறுற வசதி கூட வந்திருக்கு. ஆனா பாகப்பிரிவினையில பெரும்பாலும் ஒரு சர்வே நம்பரைத்தான் ரெண்டா மூணா உடைப்போம், பட்டாவும் இறந்தவர் பேர்ல இருக்கும், அதனால அந்த தானா மாறுற கணக்குல நம்மளுது வராது. நாமதான் மனு போட்டு, சர்வேயரை வரவெச்சு, அளந்து, உட்பிரிவு, அதாவது உடைச்ச ஒவ்வொரு துண்டுக்கும் தனி நம்பர், போட்டு வாங்கணும்.

இன்னொண்ணு, பட்டா வந்துட்டா நிலம் நம்மளுதுன்னு ஆயிடும், பட்டா இல்லன்னா போயிடும்னு பயப்பட வேணாம். உரிமைக்கு ஆதாரம் பத்திரம்தான், பட்டாங்கிறது யார்கிட்ட கிஸ்தி, அதாவது நிலவரி வாங்கணும், யார் அனுபவத்துல இருக்குன்னு அரசாங்கம் வெச்சிருக்கற கணக்கு, இதை கோர்ட்டுங்க திரும்பத் திரும்ப சொல்லியிருக்கு. ஆனா நடைமுறையில கடன், பயிர் இன்சூரன்ஸ், விவசாயி அடையாள எண், கரண்ட் கனெக்‌ஷன்னு எதுக்குப் போனாலும் முதல்ல கேக்கறது பட்டா சிட்டாதான், அதனால அசட்டையா விடக் கூடாது.

இப்ப நான் சொல்ல வேண்டியதுலயே முக்கியமானது. இன்னும் பத்திரம் எழுதலன்னா, தயவு செஞ்சு அளந்துட்டு எழுதுங்க. எழுதிட்டு அளக்காதீங்க. எங்க கதையில எல்லாக் கஷ்டமும் இந்த ஒரே இடத்துல இருந்துதான் வந்தது.

எங்க பழைய பத்திரத்துல எங்க சர்வே நம்பர் மொத்தம் 3 ஏக்கர் 30 செண்ட்னு இருந்துச்சு. டாகுமெண்ட் ரைட்டர் அதையே எடுத்து 330ஐ மூணால வகுத்து ஆளுக்கு 110 செண்ட்னு எழுதிட்டாரு, மேற்குப் பக்கம் பெரியப்பா, நடுவுல அப்பா, கிழக்கே சித்தப்பா. யாரும் பட்டாவை எடுத்துப் பாக்கல. பட்டாவுல 1.28.0 ஹெக்டேர்தான் இருந்துச்சு. இந்த 1.28.0ஐ எப்படிப் படிக்கணும்னா 1 ஹெக்டேர், 28 ஏர். ஒரு ஹெக்டேர்னா 100 ஏர், ஒரு ஏர்னா கிட்டத்தட்ட 2.47 செண்ட். ஆக 128 ஏருக்கு 316 செண்ட்தான் வருது, 14 செண்ட் பேப்பர்ல இருக்கு நிலத்துல இல்ல. சர்வேயர் வந்து மேற்குல இருந்து 110, 110ன்னு அளந்துட்டு வந்தா சித்தப்பாவுக்கு மிஞ்சினது 96. மனுஷன் முகம் அப்படியே வாடிப்போச்சு. அண்ணன் தம்பிங்க நடுவுல அன்னிக்கு ஒரு வார்த்தை தடிச்சிருந்தா கூட குடும்பம் ரெண்டாயிருக்கும், நல்லவேளை பெரியப்பாவே முன்னாடி வந்து எல்லாருக்கும் சமமா மறுபடி பிரிச்சுக்கலாம்னு சொல்லிட்டாரு.

இப்படி குறையறது நிறைய குடும்பத்துல இருக்கு. பழைய காலத்து பத்திரங்கள்ல காணி, குழி, செண்ட்னு குத்துமதிப்பா எழுதியிருப்பாங்க, எங்க பக்கம் ஒரு காணின்னா 132 செண்ட் கணக்கு. அப்புறம் மெட்ரிக் அளவுக்கு மாத்தினப்ப, 1979ல ஆரம்பிச்சு 1987 வரைக்கும் நடந்த யூடிஆர்னு சொல்ற நில உடைமை மேம்பாட்டுத் திட்டத்துல கணக்கு எழுதினப்ப, ரோட்டுக்கு வாய்க்காலுக்கு எடுத்தப்பன்னு எங்கயாவது மாறியிருக்கும். அந்த யூடிஆர்லயே பல இடத்துல கூட்டுக் குடும்பத்துல மூத்தவர் பேரை மட்டும் போட்டுட்டு மத்தவங்க பேரை விட்டிருப்பாங்க, அதையும் பாருங்க.

அதனால பத்திரம் எழுதறதுக்கு முன்னாடி வீட்டுல உக்காந்தே ஆன்லைன்ல மூணு காகிதம் எடுங்க. eservices.tn.gov.in சைட்டுல, அதாவது நிலப்பதிவு இ-சர்வீசஸ் சைட்டுல, மாவட்டம், வட்டம், கிராமம், சர்வே நம்பர் போட்டா பட்டா சிட்டா வரும், அதே இடத்துல அ-பதிவேடும் (ஒவ்வொரு சர்வே நம்பருக்கும் பரப்பு, நில வகை, பட்டாதாரர் யார்னு இருக்கற ரெஜிஸ்டர்) புலப்படமும் எடுக்கலாம். புலப்படம்னா எஃப்எம்பின்னு சொல்வாங்களே அதுதான், உங்க நம்பரோட வரைபடம், ஒவ்வொரு பக்கமும் எத்தனை மீட்டர்னு எழுதியிருக்கும். அப்புறம் பதிவுத்துறை சைட்டுல வில்லங்கம் போட்டுப் பாருங்க, பாக்கறதுக்கு காசு இல்ல, தாத்தா எப்பவோ ஒரு மூலையை யாருக்காவது எழுதிக் குடுத்திருந்தாலோ பேங்க்ல அடமானம் வெச்சிருந்தாலோ அதுல தெரிஞ்சுரும்.

இதுங்க கையில வந்ததும் நிலத்தை அளங்க. அரசாங்க சர்வேயரைக் கூப்பிட்டு எல்லை காட்டச் சொல்ல எஃப்-லைன் மனுன்னு ஒண்ணு இருக்கு, ஆன்லைன்ல பணம் கட்டி போடலாம். மொத்த நம்பரோட வெளி எல்லையை இப்படி அத்து காட்டச் சொல்லிட்டு, உள்ளுக்குள்ள எப்படிப் பிரிக்கறதுன்னு ஒரு லைசென்ஸ் வாங்கின தனியார் சர்வேயரை வெச்சு வரைஞ்சுக்கலாம். அந்த வரைபடத்துல ஒவ்வொரு பங்கும் நாலு பக்கமும் எத்தனை மீட்டர், பரப்பு எத்தனை ஏர்னு போட்டு, எல்லாரும் கையெழுத்து போட்டு, அதைப் பத்திரத்தோட இணைப்பா சேத்து பதியுங்க. செக்குபந்தி எழுதறப்ப கிழக்கே தம்பி நிலம், மேற்கே அண்ணன் நிலம்னு மட்டும் எழுதினா போதாது, அளவு வேணும். பரப்பை ஹெக்டேர்லயும் செண்ட்லயும் ரெண்டுலயும் எழுதச் சொல்லுங்க, ஏன்னா தாலுகா ஆபீஸ்ல ஹெக்டேர் ஏர்தான் பேசுவாங்க.

பாதை விஷயம் தனியா சொல்லணும். எங்க நிலத்துக்கு மேற்கால ரோடு. அப்போ நடு பங்குக்கும் கிழக்குப் பங்குக்கும் போக வழி வேணும் இல்லயா? 2021 பத்திரத்துல "வழக்கம்போல் போக வர பாத்தியதை உண்டு"ன்னு ஒரு வரி மட்டும் எழுதியிருந்தோம். இன்னிக்கு அண்ணன் தம்பி ஒத்துமையா இருக்கறப்ப அது போதும், நாளைக்கு பெரியப்பா பசங்க வித்துட்டுப் போயிட்டா வாங்கினவன் வேலி போட்டுருவான். அதனால பின்னாடி அந்தப் பத்திரத்தைத் திருத்தறப்ப வடக்கு வரப்பு ஓரமா ரோட்டுல இருந்து சித்தப்பா பங்கு வரைக்கும் 10 அடி அகலத்துல 100 மீட்டர் நீளத்துக்குப் பாதைய தனி உட்பிரிவாவே போட்டு, மூணு பேர் பேர்லயும் கூட்டுப் பட்டாவா வாங்கிட்டோம். அது 3 ஏர் ஆச்சு. மிச்சம் 125 ஏரை 41.5, 41.5, 42ன்னு பிரிச்சோம். இப்போ புலப்படத்துலயே பாதை தனியா தெரியுது, யாராலயும் இல்லன்னு சொல்ல முடியாது. ஒரே வருத்தம் 12 அடியா விட்டிருக்கலாம், நெல் அறுக்கற மெஷின் திரும்ப கொஞ்சம் சிரமமா இருக்கு.

கிணறும் அப்படித்தான். கிணறு யார் பங்குல விழுதோ அவருக்கே சொந்தம்னு ஆகாம, கிணத்தையும் மோட்டார் கொட்டாயையும் அதைச் சுத்தி ஆள் நடமாட இடத்தையும் பொதுன்னு எழுதி, யாருக்கு எந்த நாள் தண்ணி முறை, கரண்ட் சர்வீஸ் யார் பேர்ல, ரிப்பேர் செலவு எப்படிப் பிரிக்கறது, பைப் லைன் யார் நிலம் வழியா போகும், எல்லாத்தையும் பத்திரத்துல எழுதிடுங்க. எழுதறப்ப சங்கடமாத்தான் இருக்கும், கூடப் பொறந்தவங்ககிட்ட இவ்ளோ கறாரா இருக்கணுமான்னு தோணும். எழுதிடறதுதான் அந்த உறவைக் காப்பாத்தும், இதை நான் மனசார சொல்றேன்.

அடுத்தது, யார் யார் கையெழுத்து போடணும். பொண்ணுங்களை விட்டுட்டு அண்ணன் தம்பிங்க மட்டும் எழுதற பாகப்பத்திரம்தான் இன்னிக்கு பெரிய தலைவலி. தமிழ்நாட்டுல 1989லயே சட்டம் திருத்தி, அந்த வருஷம் மார்ச் 25க்கு முன்னாடி கல்யாணம் ஆகாத இந்துப் பொண்ணுங்களுக்கு பூர்வீக சொத்துல ஆம்பளைங்க மாதிரியே பங்கு குடுத்தாங்க. 2005 செப்டம்பர் 9ல இருந்து மத்திய சட்டம் கல்யாணம் ஆனவங்க ஆகாதவங்கன்னு பாக்காம எல்லாப் பொண்ணுங்களுக்கும் குடுத்துச்சு, 2020 ஆகஸ்ட்ல சுப்ரீம் கோர்ட்டு அந்தத் தேதியில அப்பா உயிரோட இருந்திருக்கணும்னு அவசியமில்லன்னும் சொல்லிருச்சு. அது போக தாத்தா சொந்தமா சம்பாதிச்ச நிலமா இருந்து அவர் உயில் எழுதாம இறந்திருந்தா, மனைவி, பையன், பொண்ணு எல்லாருக்கும் சம பங்குதான். ஆக வாரிசு சான்றிதழ்ல இருக்கற ஒவ்வொரு பேரும் பத்திரத்துல இருக்கணும். அத்தைக்கு நிலம் வேணாம்னா அவங்க மனசார விடுதலைப் பத்திரம் எழுதிக் குடுக்கட்டும், இல்ல அதே பத்திரத்துல ஒரு பார்ட்டியா வந்து தனக்கு உண்டானதை வாங்கிக்கட்டும். நகை போட்டாச்சு, சீர் செஞ்சாச்சு, அதனால பங்கு முடிஞ்சதுன்னு பேசறது சட்டத்துல நிக்காது. இறந்து போன வாரிசு யாராவது இருந்தா அவரோட மனைவி பிள்ளைங்க வரணும். வெளிநாட்டுல இருக்கறவங்க பவர் அனுப்பலாம், அங்க எழுதி வர்ற பவர் இந்தியாவுக்கு வந்த 3 மாசத்துக்குள்ள இங்க ஸ்டாம்ப் டூட்டி கட்டணும், மறந்துடாதீங்க.

செலவு எவ்ளோன்னு கேப்பீங்க. குடும்பத்துக்குள்ள பாகப்பிரிவினைக்கு முத்திரைத் தீர்வை 1 சதவீதம், பதிவுக் கட்டணம் 1 சதவீதம், அரசாங்கம் நிர்ணயிச்ச கைடுலைன் மதிப்பு மேல. ரெண்டுக்கும் உச்சவரம்பு இருக்கு, 2023 ஜூலை 10ல இருந்து ஒரு பங்குக்கு முத்திரைத் தீர்வை அதிகபட்சம் 40,000, பதிவுக் கட்டணம் அதிகபட்சம் 10,000. நாங்க பதிஞ்சப்ப அது 25,000மும் 4,000மும். கிராமத்து நிலத்துக்கு பெரும்பாலும் உச்சவரம்பு வரைக்கும் போகாது. ஒரிஜினல் பத்திரம் ஒண்ணுதான் இருக்கும், அது மூத்தவர் பீரோவுல போயி உக்காந்துரும், அதனால அன்னிக்கே மத்த பங்குதாரங்களுக்கு டூப்ளிகேட்டும் சேத்து பதிஞ்சுக்கோங்க. விட்டுப் போச்சுன்னா சப் ரிஜிஸ்ட்ரார் ஆபீஸ்ல சான்றிட்ட நகல் வாங்கிக்கலாம்.

பதியாத பாகப்பத்திரம், ஊர்ப் பெரியவங்க முன்னாடி எழுதின முச்சலிக்கை, இதை வெச்சு பட்டா கேக்காதீங்க. பிரிச்சுக்கிட்ட அனுபவம் உண்மையா இருந்தாலும், அசையாச் சொத்தை பேப்பர்ல பிரிச்சா பதியணும்னு 1908 பதிவுச் சட்டமே சொல்லுது, தாலுகா ஆபீஸ்ல வாங்க மாட்டாங்க. அப்பா காலத்துல இப்படி எழுதி வெச்சிருந்தா எல்லா வாரிசும் சேந்து இப்ப புதுசா ஒரு பத்திரம் பதியறதுதான் நல்ல வழி. கோர்ட்டு மூலமா பிரிஞ்சிருந்தா முதல்நிலைத் தீர்ப்பை மட்டும் கொண்டு போனா போதாது, கமிஷனர் அளந்து குடுத்த பிறகு வர்ற இறுதித் தீர்ப்பு வேணும்.

சரி, பத்திரம் கையில இருக்கு, இனி மனு. இ-சேவை மையத்துல 60 ரூபாய் கட்டணத்துல போடலாம், இல்ல வீட்டுல இருந்தே தமிழ்நிலம் சிட்டிசன் போர்ட்டல்ல, அட்ரஸ் tamilnilam.tn.gov.in/citizen, மொபைல் நம்பர் ஓடிபி வெச்சு ரிஜிஸ்டர் பண்ணி போடலாம். நான் போர்ட்டல்லதான் போட்டேன், இ-சேவையில அவசரத்துல சர்வே நம்பர் ஒரு எழுத்து தப்பா அடிச்சாலும் நமக்குத் தெரியாது, நாமளே அடிச்சா நிதானமா பாத்து அடிக்கலாம்.

உள்ள போனதும் உட்பிரிவு உள்ளது, உட்பிரிவு இல்லாததுன்னு ரெண்டு வகை கேக்கும், ஆபீஸ்ல இதை ஐஎஸ்டி, என்ஐஎஸ்டின்னு சொல்லுவாங்க. இந்த இடத்துலதான் எங்க முதல் மனு போச்சு. நான் விவரம் தெரியாம உட்பிரிவு இல்லாததுன்னு போட்டுட்டேன். அப்படிப் போட்டா விஏஓ, ஆர்ஐ (வருவாய் ஆய்வாளர்) பாத்து மண்டல துணை வட்டாட்சியர் கிட்ட போகும், நிலத்தை யாரும் அளக்க மாட்டாங்க, பாஸ் ஆனாலும் எல்லார் பேரையும் சேத்து ஒரே கூட்டுப் பட்டாவா வந்து நிக்கும். கூட்டுப் பட்டாவுல யாருக்கு எந்தப் பக்கம்னு இருக்காது, ஒருத்தர் கடன் வாங்கணும்னா மத்தவங்க சம்மதம் கேப்பாங்க. பல பேர் கூட்டுப் பட்டா வந்ததுமே வேலை முடிஞ்சதுன்னு விட்டுடறாங்க, அது பாதி வேலைதான். ஒரு முழு சர்வே நம்பரோ முழு உட்பிரிவோ அப்படியே ஒருத்தர் பங்குக்கு வந்திருந்தா மட்டும் உட்பிரிவு இல்லாதது போடுங்க, இல்லன்னா உட்பிரிவு உள்ளதுதான்.

பத்திர எண், வருஷம், சப் ரிஜிஸ்ட்ரார் ஆபீஸ் பேர் போட்டு பத்திரத்தை ஸ்கேன் பண்ணி ஏத்தணும். கூடவே பட்டாதாரரோட இறப்பு சான்றிதழ், வாரிசு சான்றிதழ், மூலப்பத்திரம், வில்லங்கம், ஆதார், கையெழுத்து போட்ட வரைபடம். கேக்கலன்னாலும் வரைபடத்தை ஏத்துங்க. எல்லா பக்கமும் வரணும், பத்திரத்தோட பின்பக்கத்துல சீல் இருக்கும் அதை விட்டுட்டா அதுக்கே திருப்பி அனுப்புவாங்க. ஃபோன்ல ஃபோட்டோ எடுத்து மங்கலா ஏத்தாதீங்க. உட்பிரிவுக்கு அளவைக் கட்டணம் தனியா வரும், எத்தனை உட்பிரிவோ அத்தனைக்கு, போர்ட்டல்லயே தொகை காட்டும், ஆன்லைன்ல கட்டி ரசீதை எடுத்து வெச்சுக்கோங்க. அந்த ரசீதுல இருக்கறதுதான் செலவு, அதுக்கு மேல யாராவது கேட்டா குடுக்காதீங்க, ரசீது குடுங்கன்னு மரியாதையா கேளுங்க. ஒவ்வொரு பங்குதாரரும் அவங்கவங்க பேர்ல தனித்தனியா மனு போடறது நல்லது, ஆனா ஒரே வாரத்துல போட்டு ஒரே நாள்ல அளக்க வெச்சுக்கணும், இல்லன்னா ஒருத்தருக்கு அளந்து முடிச்ச பிறகு மத்தவங்க பின்னாடி அலையணும்.

மனு எண் வந்ததும் பத்திரமா வெச்சுக்கோங்க, அதை வெச்சு மனு இப்ப யார்கிட்ட இருக்குன்னு ஆன்லைன்லயே பாக்கலாம். உட்பிரிவு மனு சர்வேயருக்குப் போகும். அளக்க வர்ற நாளை மெசேஜ்லயோ நோட்டீஸ்லயோ சொல்லுவாங்க. அன்னிக்கு பங்குதாரங்க அத்தனை பேரும், இல்ல அவங்க சார்பா ஒருத்தராவது, கண்டிப்பா நிலத்துல இருங்க. பக்கத்து நிலத்துக்காரங்களுக்கும் முன்னாடியே வாயால சொல்லிடுங்க, திடீர்னு சங்கிலியோட மெஷினோட ஆள் வந்தா அவங்களுக்குப் பதட்டமா இருக்கும், தகராறு அங்கதான் ஆரம்பிக்கும். முள்ளு புதர் மண்டியிருந்தா முதல் நாளே வெட்டி வரப்பு தெரியற மாதிரி பண்ணுங்க, பழைய சர்வே கல்லு இருந்தா மண்ணை நீக்கி வைங்க. கல்லு இருந்தா அளக்கறது சீக்கிரம் முடியும், நிறைய இடத்துல டிராக்டர் ஓட்டி ஓட்டி கல்லே காணாம போயிருக்கும். மல்லாட்டை, கரும்புன்னு நிலம் முழுக்க பயிர் நிக்கறப்ப வரச் சொல்லாதீங்க, அறுவடை முடிஞ்ச கையோட வெச்சுக்கோங்க. புதுக் கல்லு ஆறேழு வாங்கி வண்டியில கொண்டு போங்க, அளந்த அன்னிக்கே எல்லாரும் பாக்க நட்டுடணும்.

எங்களுக்கு இந்த ரெண்டாவது மனுதான் பரப்பு இடிக்குதுன்னு நின்னு போச்சு. பத்திரத்துல 110 செண்ட், நிலத்துல அவ்ளோ இல்ல, அதனால நிராகரிப்பு. இப்படி ஆனா திரும்பத் திரும்ப மனு போட்டு பிரயோஜனமில்ல, பத்திரத்தைத் திருத்தணும். அதுக்கு பிழைத்திருத்தல் பத்திரம்னு பேர், முதல் பத்திரத்துல கையெழுத்து போட்ட எல்லாரும் மறுபடி வரணும். அத்தை 70 வயசுல வெளியூர்ல இருந்து ரெண்டு பஸ் மாறி வந்தாங்க, முன்னாடியே அளந்திருந்தா அவங்களுக்கு அந்த அலைச்சல் இருந்திருக்காது, அது இன்னும் எனக்கு உறுத்தலா இருக்கு. திருத்தல் பத்திரத்துல புது அளவு, பாதை, வரைபடம் எல்லாம் போட்டு பதிஞ்சு மூணாவது தடவை மனு போட்டோம், அது தடங்கல் இல்லாம போச்சு.

ஒருவேளை உங்க பத்திரம் சரியா இருந்து கணக்குலதான் தப்புன்னா அது வேற வழி. பேர்ல எழுத்துப்பிழை, அப்பா பேர் தப்பு மாதிரி சின்னதுன்னா தாசில்தாருக்கு மனு குடுக்கலாம், வருஷா வருஷம் மே, ஜூன் வாக்குல நடக்கற ஜமாபந்தியில நேரா குடுத்தா கொஞ்சம் வேகமா பாப்பாங்க. பசலி வருஷம், அதாவது வருவாய்த்துறை கணக்கு வருஷம், ஜூலை 1ல ஆரம்பிக்கும், அதுக்கு முன்னாடி கிராமக் கணக்கெல்லாம் சரி பாக்கறதுதான் ஜமாபந்தி, அதனால அந்த நேரத்துல எல்லா ரெஜிஸ்டரும் மேஜை மேல இருக்கும். யூடிஆர்ல உங்க நிலம் அடுத்தவர் பேர்ல ஏறிடுச்சு, பரப்பு குறைஞ்சிடுச்சுன்னா அது மேல போகணும், ஆர்டிஓ (வருவாய் கோட்டாட்சியர்), டிஆர்ஓ (மாவட்ட வருவாய் அலுவலர்) லெவல். அதுக்கு பழைய அ-பதிவேடு, பழைய சிட்டா நகல் எல்லாம் கேட்டு வாங்கி, யூடிஆருக்கு முன்னாடி எப்படி இருந்துச்சுன்னு காட்டணும்.

நிராகரிப்பு வந்தா காரணத்தை முதல்ல முழுசா படிங்க. ஒரு காகிதம் விட்டுப் போனதுதான் காரணம்னா மறுபடி மனு போட்டா போதும். காரணமே நியாயமில்லன்னா 1983 பட்டா பாஸ்புக் சட்டப்படி ஆர்டிஓ கிட்ட அப்பீல், அதுக்கு மேல டிஆர்ஓ கிட்ட சீராய்வு. தள்ளிப் போடாம உடனே போடுங்க, கால வரம்பு இருக்கு. மாசக்கணக்கா ஒருத்தர் லாகின்லயே மனு தூங்கிச்சுன்னா 1100க்கு கூப்பிட்டு முதலமைச்சரின் உதவி மையத்துல பதியுங்க, இல்ல திங்கக்கிழமை கலெக்டர் ஆபீஸ்ல நடக்கற குறைதீர் நாள்ல மனு எண்ணைப் போட்டு எழுதிக் குடுங்க. நான் 1100க்குப் பண்ணேன், மறு வாரமே அளக்கற தேதி வந்துச்சு. ஆனா கூடப் பொறந்தவங்க யாராவது எனக்குப் பங்கு வரலன்னு எழுத்துல ஆட்சேபணை குடுத்துட்டாங்கன்னா, தாசில்தார் உரிமையை முடிவு பண்ண மாட்டாரு, சிவில் கோர்ட்டுக்குப் போங்கன்னுதான் சொல்லுவாரு. அதனாலதான் ஆரம்பத்துலயே எல்லாரையும் உக்கார வெச்சுப் பேசுங்கன்னு சொல்றேன்.

பாஸ் ஆனதும் மெசேஜ் வரும். உடனே அதே இ-சர்வீசஸ் சைட்டுல புது பட்டாவை எடுங்க, பழைய 118/2ன்னு இருந்தா இப்ப 118/2ஏ, 2பி, 2சின்னு மாறியிருக்கும். பேர், அப்பா பேர், பரப்பு, நஞ்சை புஞ்சை, ஒவ்வொண்ணா பத்திரத்தோட ஒப்பிட்டுப் பாருங்க. பட்டாவுல இருக்கற க்யூஆர் கோடை ஸ்கேன் பண்ணிப் பாருங்க. ரொம்ப முக்கியமா புலப்படத்தையும் எடுங்க, சில சமயம் பட்டாவுல பேர் மாறியிருக்கும், புலப்படத்துல உட்பிரிவு கோடு ஏறியிருக்காது, ரெண்டுலயும் ஏறினாதான் முழுசா முடிஞ்சதா அர்த்தம். ஏறலன்னா சர்வே பிரிவுல போயி கேளுங்க.

அப்புறம் விஏஓ கிட்ட போயி புது பட்டா நகலைக் குடுத்து அடங்கல்ல உங்க பேர்ல இந்த போகத்துப் பயிரைப் பதியச் சொல்லுங்க, கிஸ்தியும் உங்க பேர்ல கட்டி ரசீது வாங்குங்க. விவசாயி அடையாள எண்ல புது உட்பிரிவைச் சேக்கணும், மத்திய அரசோட பிஎம் கிசான் பணம் வாங்கறவங்க அதுலயும் நில விவரம் மாத்தணும். அந்தத் திட்டத்துக்கு 2019 பிப்ரவரி 1ல யார் பேர்ல நிலம் இருந்துச்சுங்கறதுதான் கணக்கு, அதுக்கப்புறம் பட்டாதாரர் இறந்து வாரிசுக்கு வந்தா மட்டும் புதுசா சேத்துக்குவாங்க, அதனால இறப்பு சான்றிதழ் நகலை தூக்கிப் போடாதீங்க. கிணத்து கரண்ட் சர்வீஸ் இன்னும் தாத்தா பேர்ல இருந்தா மத்த பங்குதாரங்க சம்மதக் கடிதத்தோட மின்வாரியத்துல பேர் மாத்தணும், அது தனி மனு. சொசைட்டியில பழைய கடன் பாக்கி தாத்தா பேர்லயோ அப்பா பேர்லயோ இருந்தா அதை முடிச்சுட்டுதான் புதுசு குடுப்பாங்க.

நத்தத்துல இருக்கற வீட்டு மனைக்கு நத்தம் பட்டா தனி, டவுன் எல்லைக்குள்ள இருந்தா நகர நில அளவைப் பதிவேடுன்னு வேற கணக்கு, அங்க வார்டு, பிளாக், டவுன் சர்வே நம்பர்னு கேக்கும். போற வழி கிட்டத்தட்ட இதேதான். அத்தைக்கு நாங்க இந்த நத்தம் பட்டாவைத்தான் கடைசியா வாங்கினோம், சொல்லப்போனா அவங்களுதை முதல்ல முடிச்சிருக்கணும். பட்டாவைப் பிரிண்ட் எடுத்து அத்தை கையில குடுத்தப்ப, கண்ணாடியைப் போட்டுக்கிட்டு தன் பேரை ரெண்டு தடவை வாய்விட்டுப் படிச்சாங்க, எங்க தாத்தா பேரும் அதுல தகப்பனார் பேர்னு இருந்துச்சு.